பூசை முடிந்ததும் பார்க்க வேண்டிய படங்கள்

85 நிமிடம், ஒரே ஷாட். காரின் முகப்பில் வைத்த கேமரா கடைசி வரை இடம் மாறாது. காருக்குள் ஒரு பையன், ஒரு பெண், ஓயாத பேச்சு. இப்படிச் சொல்லி ஒருவரையும் படம் பார்க்கக் கூப்பிட முடியாது என்பது எனக்குத் தெரியும். அதனால் "மலையாளப் படம்ங்க, ரீமா கல்லிங்கல் நடிச்சது, ரெண்டு பேரும் கார்ல போய்க்கிட்டே சண்டை போடுவாங்க" என்று மட்டும் சொல்லி ராசிபுரத்தில் தெரிந்தவர், தெரியாதவர் எல்லோரையும் உட்கார வைத்துக்கொண்டிருக்கிறேன். கொஞ்ச நேரத்தில் கையில் இருக்கும் போனை அவர்களே ஓரமாக வைத்துவிடுகிறார்கள். அதைப் பார்க்கும்போது எனக்கு ஏதோ நானே படத்தை எடுத்த மாதிரி ஒரு பெருமை!

படத்தின் பெயர் 'சந்தோஷத்தின்றெ ஒன்னாம் ரகசியம்'. 2021இல் வந்தது. இயக்கியவர் டான் பாலத்தரா, இடுக்கிக்காரர். வீட்டில் சாயந்திரம் முழங்கால் போட்டுச் செபமாலை சொல்லி வளர்ந்தவர்களுக்கு அந்தப் பெயரைக் கேட்டதுமே தூக்கிவாரிப் போடும். திங்களும் சனியும் சொல்வோமே, சந்தோஷ தேவ ரகசியங்கள், அதில் முதலாவது. கபிரியேல் தூதர் வந்து, நீ கருத்தாங்குவாய் என்று மரியாளிடம் சொல்கிற இடம். இந்தப் படத்தில் வரும் பெண்ணின் பெயரும் மரியா. பத்திரிகையில் வேலை பார்ப்பவள். கல்யாணம் ஆகாமலே ஜிதினோடு சேர்ந்து வாழ்கிறாள். நாள் தள்ளிப்போயிருக்கிறது. உண்டா இல்லையா என்று பார்த்துவிடலாம் என இரண்டு பேரும் காரில் கிளம்புகிறார்கள். அவ்வளவுதான் கதை.

என்ன குறும்பு பாருங்கள்! என்ன துணிச்சல்! மங்கள வார்த்தை சொல்ல வந்த தூதருக்குப் பதிலாக ஒரு பரிசோதனை முடிவு. 'உமது வார்த்தையின்படியே ஆகட்டும்' என்று தலைகுனிந்த மரியாளுக்குப் பதிலாக, வாயாடுகிற, கோபப்படுகிற, பயந்து நடுங்குகிற ஒரு மரியா. இதை மேடை போட்டுச் சொல்லியிருந்தால் வெறும் வம்பாகப் போயிருக்கும். பாலத்தரா தலைப்போடு நிறுத்திக்கொள்கிறார். மீதியைச் செபமாலை உருட்டிய கைகள் தாமாகவே புரிந்துகொள்ளட்டும் என்று விட்டுவிடுகிறார். சின்ன வயதில் கேட்டதை விட்டு வெகுதூரம் வந்துவிட்டோம் என்று நினைக்கிற இரண்டு பேர், நெருக்கடி என்று வந்ததும் எந்த பயத்தில் போய் நிற்கிறார்கள் என்பதுதான் எனக்குப் படம். வெட்டே இல்லாததால் நமக்கும் தப்பிக்க வழியில்லை. ரீமாவின் முகத்தைப் பார்த்தபடி நாமும் சேர்ந்து போக வேண்டியதுதான். முடிவைச் சொல்ல மாட்டேன், கேட்காதீர்கள்.

நான் பீடச்சிறுவனாக மணி அடித்தவன். எழுந்தேற்றத்தின்போது மணியை ஒரு நொடி முன்னால் அடித்துவிட்டால் பூசை முடிந்து சக்கிரீஸ்துக்குள் என்ன கிடைக்கும் என்று தெரிந்தவன். மறைக்கல்வி வகுப்பில் கேள்வி கேட்டால் ஒரே பதில்தான் வரும்: "அதெல்லாம் விசுவாசத்தின் மறைபொருள், உக்காரு." உட்கார்ந்துவிட்டோம். எங்கள் வட்டாரத்து வரலாறு இதற்கு நேர்மாறானது என்பதுதான் வேடிக்கை. 1620களில் ராபர்ட் தெ நொபிலி பக்கத்துச் சேந்தமங்கலத்துக்கும் சேலத்துக்கும் வந்தார். தத்துவ போதகர் என்று பெயர் வைத்துக்கொண்டு, காவி கட்டி, கேட்டவருக்கெல்லாம் தர்க்கம் பேசிப் பதில் சொன்னவர். வேதம் இந்த மண்ணுக்குக் கேள்வி பதிலாகத்தான் வந்து சேர்ந்தது. கேள்வியை யார் எப்போது தூக்கிக்கொண்டு போனார்கள் என்பதுதான் மறைபொருள்.

அந்தக் கேள்வியைத் திரும்பக் கொண்டுவந்து தருகிறவை இந்தச் சின்னப் படங்கள்தாம். சபைக்கு வெளியே நின்று கல்லெறிகிறவர்கள் எடுத்ததல்ல. உள்ளேயே பிறந்து, புதுநன்மை வாங்கி, பாடல் குழுவில் பாடி, ஏதோ ஒரு நாள் 'இது எனக்கு உண்மையா?' என்று கேட்டுக்கொண்டவர்கள் எடுத்ததைப் போல இருக்கின்றன. அதனால்தான் சாம்பிராணி வாசனை உட்பட எல்லாம் சரியாக இருக்கிறது. பக்திப் படம் எடுப்பவருக்கு மாதா சிலை மட்டும்தான் தெரியும். இவர்களுக்கு அந்தச் சிலைக்கு யார் மாலை போடுவது என்று இரண்டு குடும்பங்களுக்குள் நடந்த தகராறும் தெரியும்.

பாலத்தராவின் முதல் படம் 'சவம்', 2015. கறுப்பு வெள்ளை. ஒரு கிறிஸ்தவ வீட்டுச் சாவு, அவ்வளவுதான். அழுகிறவர்கள், அழுகிற மாதிரி இருப்பவர்கள், அடுத்த வேலையை நினைத்துக்கொண்டு வாசலில் நிற்பவர்கள். 2019இல் வந்த '1956, மத்திய திருவிதாங்கூர்' இடுக்கி மலைக்குக் குடியேறிய அண்ணன் தம்பி காட்டெருமை வேட்டைக்குப் போகிற கதை. அண்ணன் தம்பிக்கு ஓனான், கோரா என்று பெயர். பழைய ஏற்பாட்டைப் புரட்டியவர்களுக்கு அந்த இரண்டு பேரின் கதியும் தெரியும். எனக்கு இந்த இரண்டும் பிடிக்கும், ஆனால் முதல்முறை பார்க்க வருகிறவர்களிடம் கொடுக்க மாட்டேன். பொறுமை வேண்டும்.

பாலத்தராவின் 'ஃபேமிலி' வேறு விஷயம். அதைப் பார்த்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. 2023இல் ராட்டர்டாம் விழாவில் முதலில் திரையிட்டார்கள், அடுத்த ஆண்டு தியேட்டருக்கும் வந்தது. வினய் ஃபோர்ட்தான் நாயகன். 'பிரேமம்' படத்தில் மலர் டீச்சரைப் பார்த்து அசடு வழியும் ஜாவா சாராக வந்து நம்மைச் சிரிக்க வைத்தாரே, அவரேதான். இதில் சோனி என்கிற இளைஞன். இடுக்கி மலைக் கிராமத்தில் யார் வீட்டில் என்ன வேலை என்றாலும் முதலில் வந்து நிற்பவன். கோயில் காரியம் எதிலும் முன்னால் நிற்பவன். பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுப்பவன். "அவன மாதிரி ஒரு புள்ள வேணும்" என்று ஊரே சொல்லும். அந்தப் பிள்ளைகளிடம்தான் அவன் நடந்துகொள்கிற விதம் வேறு.

படம் அதை ஒரு தடவைகூட உரக்கச் சொல்வதில்லை. தூரத்தில் கேமராவை வைத்துவிட்டு, திண்ணையில் நாலு பேர் பேசிக்கொள்வதைக் காட்டுகிறது. ஊருக்குள் சிறுத்தை நடமாட்டம் என்று எல்லோரும் பயந்து கிடக்கிறார்கள். எந்தச் சிறுத்தை எந்த வீட்டுக்குள் தினமும் காபி குடித்துவிட்டுப் போகிறது என்பதைப் பார்க்கிற நமக்கு மட்டும்தான் தெரிகிறது. திவ்யபிரபா நடித்த ராணி என்கிற பெண்ணுக்கும் தெரிய வருகிறது. (திவ்யபிரபாவை ஞாபகம் இருக்கிறதா? 2024இல் கான் விழாவில் கிராண்ட் பிரி வாங்கிய பாயல் கபாடியாவின் படத்தில் அனு என்கிற நர்ஸாக வருவாரே!) அவள் வாயைத் திறந்தால் என்ன ஆகும்? சபையும் குடும்பமும் ஒரு குரலில் பேச ஆரம்பிக்கும். மிரட்டல் இல்லை, அடி இல்லை. அன்பாக, ஆதரவாக, செபத்தோடு ஆளை அடக்குகிறார்கள். இதைவிடப் பயங்கரமான பேய்ப் படம் நான் பார்த்ததில்லை.

கடவுள் இருக்கிறாரா என்று வாதம் செய்கிற படமில்லை இது. ஞாயிறு தவறாமல் பூசைக்குப் போகிற இத்தனை நல்லவர்கள் சேர்ந்து எப்படி ஒரு கெட்டதைப் பொத்திவைக்க முடிகிறது என்று கேட்கிறது. இன்றைக்கு இருபது வயதில் இருக்கிற பிள்ளைகளின் கேள்வி இதுதான் என்பது என் கட்சி. ஆதாம் ஏவாள் கதை நிஜமா என்பதைப் பற்றி அவர்களுக்குக் கவலையே இல்லை.

லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'ஈ.ம.யௌ' (2018) பற்றி ஏற்கெனவே நிறையப் பேர் எழுதிவிட்டார்கள், நான் சுருக்கிக்கொள்கிறேன். செல்லானம் கடற்கரையில் ஒரு ராத்திரி, பேய் மழை. செத்துப்போன அப்பாவுக்கு ஊர் மெச்ச அடக்கம் நடத்துவதாக வாக்குக் கொடுத்த மகன். சாவில் சந்தேகம் கிளப்பி அடக்கத்துக்கு மறுக்கும் பங்குத்தந்தை. சாகிறவர் காதில் நாம் 'சேசு மரி சூசை' என்று சொல்கிறோமே, அதன் மலையாள வடிவத்தைச் சுருக்கியதுதான் தலைப்பு. கோவா திரைப்பட விழாவில் இயக்குநருக்கும் நடிகர் செம்பன் வினோதுக்கும் விருது கிடைத்தது. எங்கள் அத்தையை உட்கார வைத்து இதைக் காட்டினேன். வேதாகமப் படங்களைத் தவிர எதையும் பார்க்காதவர். சவப்பெட்டி விலை பேசுகிற இடத்தில் விழுந்து விழுந்து சிரித்தார். சாமியார் முடியாது என்று சொன்னதும் சிரிப்பு நின்றுவிட்டது. "சந்தா பாக்கி இருந்தா எந்தூர்லயும் இதே கதைதான்டா சாமி," என்றார். பிறகு செபமாலையை எடுத்துக்கொண்டு கடைசி வரை அசையாமல் பார்த்தார். படம் அவருடைய விசுவாசத்தை அசைத்ததா என்று கேட்டால், இல்லை. அடுத்த நாள் காலைப் பூசைக்குப் போனார். ஆனால் சந்தா நோட்டைப் பற்றி அன்பியக் கூட்டத்தில் எழுந்து ஒரு கேள்வி கேட்டுவிட்டு வந்தார். எனக்கு அது போதும்.

வெளிநாட்டுப் படங்கள் பக்கம் வந்தால் என்னை நிறுத்தவே முடியாது. மூன்றோடு நிறுத்திக்கொள்கிறேன்.

ஜெர்மானிய இயக்குநர் டீட்ரிச் ப்ரூக்மான் 2014இல் எடுத்த 'க்ராய்ட்ஸ்வேக்'. அதாவது சிலுவைப்பாதை. 14 ஸ்தலம், 14 ஷாட், கேமரா நகர்கிற இடங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். நாயகிக்கு வயதும் 14, பெயர் இங்கேயும் மரியா. உறுதிபூசுதலுக்குத் தயாராகிறாள். முதல் ஷாட்டில் இளம் சாமியார் மேசையைச் சுற்றிப் பிள்ளைகளை உட்கார வைத்து, கடைசி இராவுணவுப் படம் மாதிரியே, சின்னச் சின்ன ஆசைகளைத் துறந்து கடவுளுக்கு ஒப்புக்கொடுக்கச் சொல்கிறார். அன்பாகத்தான் சொல்கிறார். மரியா அதை வார்த்தைக்கு வார்த்தை நம்பிவிடுகிறாள். பேச்சு வராத தம்பிக்குப் பேச்சு வர வேண்டும் என்று தன்னையே ஒப்புக்கொடுக்க முடிவெடுக்கிறாள். நடுவில் பள்ளிக்கூடத்துப் பையன் ஒருவன், தங்கள் கோயில் பாடல் குழுவுக்கு வரச் சொல்கிறான். அங்கே காஸ்பெல், சோல் பாட்டெல்லாம் பாடுவார்கள் என்று தெரிந்ததும் அவள் அம்மா போடுகிற கூச்சல் இருக்கிறதே! கோயிலுக்குள் டிரம்ஸும் கீபோர்டும் வந்தபோது நம் ஊர்ப் பெரியவர்கள் போட்ட சண்டையைப் பார்த்தவர்களுக்கு இது ஜெர்மனி என்றே தோன்றாது. பெர்லின் விழாவில் திரைக்கதைக்கு வெள்ளிக் கரடி கொடுத்தார்கள். தவக்காலத்தில் ஒரு வெள்ளிக்கிழமை பார்த்துப் பாருங்கள்.

'இடா', 2013, போலந்து, பாவெல் பாவ்லிகோவ்ஸ்கி. வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. வார்த்தைப்பாடு கொடுக்கப்போகிற இளம் கன்னியாஸ்திரீக்கு, தான் யூதக் குடும்பத்துப் பெண் என்றும் பெற்றோர் போர்க்காலத்தில் கொல்லப்பட்டார்கள் என்றும் தெரியவருகிறது. மடத்துக்கு வெளியே சில நாட்கள். சிகரெட்டும் குடியுமாக ஒரு சித்தி, சாக்ஸபோன் வாசிக்கிற ஒரு பையன். பல காட்சிகளில் ஆட்களைத் திரையின் அடியோரத்தில் நிறுத்தி, தலைக்கு மேலே அத்தனை இடத்தையும் காலியாக விட்டிருப்பார்கள். அந்தக் காலி இடத்தில் ஆண்டவர் இருக்கிறாரா, வெறும் சுவர்தானா? பார்க்கிறவர் பாடு. 80 நிமிடத்தைச் சற்றே தாண்டும் படம்தான், ஆனால் ஒரு வாரம் கூடவே வரும்.

மூன்றாவது, 'கார்ப்பஸ் கிறிஸ்டி', 2019, இதுவும் போலந்து, யான் கோமாசா. சிறுவர் சீர்திருத்தப் பள்ளியில் இருந்து வெளியே வருகிற டேனியல் என்கிற பையனுக்குச் சாமியாராக வேண்டும் என்று ஆசை. குற்றப் பின்னணி இருப்பதால் எந்தக் குருமடமும் சேர்க்காது. மரம் அறுக்கும் ஆலையில் வேலைக்கு அனுப்பிய ஊரில், வாய்தவறி நான் சாமியார் என்று சொல்லிவிடுகிறான். ஊர் நம்பிவிடுகிறது! பாவசங்கீர்த்தனம் கேட்க உட்கார வைத்துவிடுகிறார்கள். பையன் போனைத் திறந்து, என்ன சொல்ல வேண்டும் என்று தேடிப் படித்துச் சமாளிக்கிறான்.

இந்தப் படத்தை எங்கள் பெரியம்மா மகனோடு உட்கார்ந்து பார்த்தேன். குருமடத்துக்குப் போய்ப் பாதியில் திரும்பி வந்த அண்ணன். அவர் வந்த நாளில் ஊர் பேசிய பேச்சை இங்கே எழுத முடியாது. போன் காட்சியில் அவர் சத்தம் போட்டுச் சிரித்தார், கண்ணில் தண்ணீர் வரும் அளவுக்கு. கொஞ்ச நேரம் கழித்து, "அந்தப் பையனுக்கு உள்ள உக்காரும்போது ஒரு பயம் இருக்கு பாத்தியா? எனக்கு அந்தப் பயம் ஒரு நாளும் வரலடா. அதனாலதான் வந்துட்டேன்," என்றார். இத்தனை வருடமாக அவர் ஏன் வந்தார் என்று வீட்டில் யாரும் நேராகக் கேட்டதில்லை. கேட்காமலே பதில் கிடைத்துவிட்டது. ஒரு சினிமா இதற்குமேல் என்ன செய்ய வேண்டும்?

தமிழுக்கு வருவோம். வயிற்றெரிச்சல் இங்கேதான். நம் சினிமாவில் கிறிஸ்தவர் என்றால் யார்? வெள்ளை அங்கியில் கையை உயர்த்தி "மை சைல்ட்" என்கிற சாமியார். அடியாள் என்றால் பீட்டர், மைக்கேல். கிளப் டான்ஸ் ஆடுகிற பெண் என்றால் ரீட்டா. சாராயம் குடித்துவிட்டு கிட்டார் வாசிக்கிற மாமா. மணிரத்னத்தின் 'கடல்' (2013) குருமடத்தில் தொடங்கியபோது நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன். அர்ஜுனும் அரவிந்த்சாமியும் இரண்டு குரு மாணவர்கள்! ஆனால் போகப் போகக் கடவுளும் சாத்தானும் குஸ்தி போடுகிற கதையாகிவிட்டது. பாட்டுக்காக மன்னித்துவிட்டேன். சாதாரணப் பங்கில், சாதாரண வீட்டில், பிளஸ் டூ முடித்த ஒரு பெண் "எனக்கு இன்னைக்குப் பூசைக்கு வரத் தோணல" என்று அம்மாவிடம் சொல்கிற காட்சியைத் தமிழில் இன்னும் பார்க்கவில்லை. வெளியே சண்டை போடாத, பாட்டு இல்லாத, அந்த ஒரு காட்சி. வீடே அதிரும், சார்.

கதைக்குப் பஞ்சமா என்றால், அதுவும் இல்லை. ராசிபுரத்தில் மொட்டை மாடியில் நின்றாலே கொல்லிமலை தெரிகிறது. அந்த மலையில் ஜெஸ்ஸி பிராண்ட், எவலின் பிராண்ட் என்கிற ஆங்கிலேய மிஷனரித் தம்பதி இருந்தார்கள். அவர்கள் மகன் பால் பிராண்ட் அங்கேயே 1914இல் பிறந்தான். மலையில் மரமேறித் திரிந்த பையனை ஒன்பது வயதில் படிப்புக்கு இங்கிலாந்து அனுப்பிவிட்டார்கள். 1929இல் ஜெஸ்ஸி, மலேரியா முற்றிச் சிறுநீர் கறுத்துப்போகிற காய்ச்சலில் மலையிலேயே இறந்துபோனார். பையனுக்கு அப்போது 15 வயதுகூட நிரம்பவில்லை. தந்தி போய்ச் சேர்ந்துவிட்டது. ஆனால் அப்பா முன்பே எழுதிக் கப்பலில் போட்ட கடிதங்கள் மெதுவாக வந்துகொண்டே இருந்தன. செத்துப்போன அப்பா ஆண்டவரைப் பற்றியும் மலையைப் பற்றியும் எழுதுகிறார், பையன் லண்டனில் உட்கார்ந்து பிரித்துப் படிக்கிறான்.

எந்தத் திரைக்கதை ஆசிரியர் உட்கார்ந்து யோசித்தாலும் இப்படி ஒரு காட்சி கிடைக்காது. அந்தக் கடிதத்தைப் பிரிக்கிற பையன் மனதில் என்ன ஓடியிருக்கும்? கடவுள் வேலைக்குப் போனவரைக் கடவுள் ஏன் காப்பாற்றவில்லை என்றா? பால் பிராண்ட் பிற்பாடு வேலூர் சிஎம்சிக்கு வந்து, தொழுநோயால் மடங்கிப்போன விரல்களுக்குத் தசைநாண் மாற்றி அறுவை சிகிச்சை செய்து உலகப் புகழ் பெற்றார் என்பது எல்லோருக்கும் தெரிந்த பின்கதை. எவலினோ மிஷன் ஓய்வு கொடுத்தும் ஊருக்குத் திரும்பாமல், கிழவியான பிறகும் மலை மலையாக ஏறி, 1974இல் 95 வயதில் இறந்தார். ஜெபக் கூட்டங்களில் இதைச் சாட்சியாகச் சொல்லிச் சொல்லிச் சக்கையாக்கிவிட்டார்கள். எனக்கு வேண்டியது அந்தப் பையனின் படம். பதில் சொல்லாத, கடிதத்தோடு முடிகிற படம்.

பணம் எங்கே என்று கேட்பீர்கள். அமெரிக்காவில் 'ப்ளூ லைக் ஜாஸ்' என்று ஒரு படம் 2012இல் வந்தது. பாப்டிஸ்ட் வீட்டுப் பையன், கடவுளே இல்லை என்று சொல்கிற கல்லூரிக்குப் போய்ச் சேர்கிற கதை. கடைசியில் வேடிக்கையாகப் போட்ட பாவசங்கீர்த்தனக் கூண்டில் அவனே உட்கார்ந்து, சபை செய்த தவறுகளுக்காக வருகிறவர்களிடம் மன்னிப்புக் கேட்பான். காசில்லாமல் படம் நிற்க இருந்தபோது, மூல நூலைப் படித்த வாசகர்கள் 2010இல் இணையத்தில் வசூல் செய்து 3,45,000 டாலருக்கு மேல் கொடுத்தார்கள். படம் சுமார்தான், ஆனால் அந்த மனசு பெரிது. அமெரிக்கா வரை போவானேன்? ஜான் ஆபிரகாம், நம் மொழியில் 1977இல் 'அக்ரஹாரத்தில் கழுதை' எடுத்துவிட்டுப் போன அதே மனுஷர், ஒடேசா என்று ஒரு குழு அமைத்து, கேரளத்தில் ஊர் ஊராக மக்களிடம் காசு வசூலித்து 1986இல் 'அம்ம அறியான்' எடுத்தார்.

தேர்த் திருவிழாவுக்கு வீட்டுக்கு இவ்வளவு என்று வரி போட்டு வாங்கிப் பழகிய ஊர்க்காரர்கள் நாங்கள். ரசீதுப் புத்தகம் எப்படி அடிக்க வேண்டும் என்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. பால் பிராண்டின் கதையோ, பூசைக்கு வரமாட்டேன் என்கிற பெண்ணின் கதையோ, எதையாவது எடுக்கிற எண்ணத்தில் இருக்கிற தம்பி தங்கைகள் யாராக இருந்தாலும் நம்பி வாருங்கள். கொல்லிமலைக்குக் கூட்டிப்போக ஆள் இருக்கிறது, தங்க வீடு இருக்கிறது, சாப்பாட்டுக்கு எங்கள் அத்தை பொறுப்பு. முதல் ரசீதை என் பெயருக்குப் போட்டுவிடுங்கள்.